புகைபோக்கி மறையும் தூரம்

எனக்குக் கோபம் மூக்கு நுனியில் என்பது விருத்தாசலம் மணிமுத்தா பீங்கான் தொழிற்சாலையில் எல்லாருக்கும் தெரியும். வருகை குறிக்கும் டைம் ஆபீஸில் நான் ஒருத்திதான் பெண். கையெழுத்து முத்து முத்தாக இருக்கிறது என்று வேலைக்கு எடுத்தார்கள். வாய் எப்படி இருக்கிறது என்று யாரும் கேட்கவில்லை, பிறகு தாங்களாகவே தெரிந்துகொண்டார்கள். அப்படிப்பட்ட நான் பழமலை மேஸ்திரியிடம் மட்டும் ஒன்றரை வருஷம் வாயை மூடிக்கொண்டிருந்தேன். அதனால் வந்த வினையைத்தான் சொல்லப் போகிறேன்.

1968 பிப்ரவரியில் எர்வின் துரை ஜெர்மனியிலிருந்து வந்தார். எங்கள் தொழிற்சாலையில் மின்கம்பத்துப் பீங்கான் குமிழ்கள் சுடுவதற்குப் புதிதாக ஒரு டனல் சூளை கட்டியிருந்தார்கள். நீளமான சுரங்கம் மாதிரி இருக்கும். ஒரு வாயில் பச்சைச் சரக்கு ஏற்றிய தள்ளுவண்டி நுழையும், மறு வாயில் வெந்த சரக்கு வெளியே வரும். நடுவில் நெருப்பு இரவு பகல் எரிந்துகொண்டே இருக்கும். அதை மூட்டி, ஓட்டி, நம் ஆட்களைப் பழக்கிவிட்டுப் போவதுதான் துரையின் வேலை. நான்கு மாதம் வேலை, ஒரு மாதம் ஓய்வு என்று ஒப்பந்தம். ஓய்வு மாதத்தில் அவர் தன் ஊருக்குப் போய்விடுவார். அந்த மாதத்துக்கும் முழுச் சம்பளம் உண்டு. யாருக்குக் கிடைக்கும் அந்தக் கொடுப்பினை!

பழமலை மேஸ்திரி சூளைப் பிரிவுக்குப் பெரிய ஆள். சேத்தியாத்தோப்புப் பக்கம் செங்கல் சூளைகளில் முப்பது வருஷம் நெருப்போடு இருந்துவிட்டு எங்களிடம் வந்தவர். வரும்போது ஒரு சட்டத்தையும் மடியில் கட்டிக்கொண்டு வந்தார். சூளை எரியும்போது அதன் பக்கத்தில் ‘இல்லை’ என்ற சொல் வரக் கூடாது. நெருப்பு அந்தச் சொல்லைப் பிடித்துக்கொள்ளுமாம், அப்புறம் சரக்கும் இல்லாமல் போகுமாம். நம் வீடுகளில் அரிசி தீர்ந்தால் நிறைந்திருக்கிறது என்று சொல்வதில்லையா, அந்த மாதிரி. களிமண் தீர்ந்துபோனால் ‘மண்ணு நெறைஞ்சிருக்குது’ என்பார்கள். புதிதாகச் சேர்ந்தவன் ஒரு வாரத்தில் கற்றுக்கொள்வான், இல்லாவிட்டால் மேஸ்திரி கற்றுக்கொடுத்துவிடுவார்.

செங்கல் சூளை ஐந்து நாளோ ஏழு நாளோ எரிந்து அடங்கிவிடும். அதுவரை நாக்கைக் கட்டிப்போடலாம். டனல் சூளை அணைவதே கிடையாதே! வருஷக் கணக்கில் ஒரு சொல்லை வாயில் விடாமல் எப்படித் தொழில் நடத்துவது என்று யாரும் யோசிக்கவில்லை.

ஜூன் மாதம் துரை முதல் ஓய்வுக்குப் போனார். சூளைப் பிரிவின் தினச் சிட்டையை மேஸ்திரிதான் எழுதித் தருவார், நான் அதைப் பார்த்துப் பெரிய ரெஜிஸ்டரில் ஏற்றுவேன். துரை விமானம் ஏறிய மறுநாள் சிட்டையில் அவர் பெயருக்கு நேரே ‘ஆஜர்’ என்று இருந்தது. மேஸ்திரியைக் கூப்பிட்டுக் கேட்டேன். சூளைக்குத் தலைவர் அவர், எரியும் சூளைக்குத் தலைவர் வரவில்லை என்று எப்படி எழுதுவது என்று திருப்பிக் கேட்டார். மற்ற ஆள் லீவு போட்டால் மாற்று ஆள் பெயரை எழுதிக்கொள்ளலாம், துரைக்கு மாற்று யார் என்றார். நான் ஒரு முறை முறைத்துவிட்டு, சிவப்பு மையில் ‘விடுப்பு’ என்று ரெஜிஸ்டரில் எழுதினேன்.

மறுநாள் காலை ஒரு வண்டிச் சரக்கு முழுவதும் விரிசல் விட்டு வெளியே வந்தது. மேஸ்திரி விரிந்த குமிழ் ஒன்றைக் கொண்டுவந்து என் மேஜைமேல் வைத்துவிட்டுத் திரும்பிப் போனார். நான் படித்தவள். எஸ்.எஸ்.எல்.சி.யில் விஞ்ஞானத்தில் அறுபத்தெட்டு மார்க்கு. ஆனாலும் அந்தக் குமிழைப் பார்த்துக்கொண்டே பிளேடைத் தேடி எடுத்தேன். சிவப்பு மையைச் சுரண்டிவிட்டு ‘ஆஜர்’ என்று எழுதினேன். சரக்கு சரியாகக் காயாமல் உள்ளே போனதால்தான் விரிந்தது என்று துரை திரும்பி வந்ததும் விளக்கினார். அதற்குள் காரியம் கைமீறிவிட்டது.

அதன்பிறகு அது ஒரு வழக்கமாகவே ஆகிவிட்டது. துரை தன் ஊரில் இருக்கும் மாதங்களில் சூளை முன்னால் அவர் நாற்காலி கிடக்கும். அதன்மேல் அவருடைய துண்டு இருக்கும். காலையும் மாலையும் அமானுல்லா பாய் கேன்டீனிலிருந்து அவருக்கு டீ வரும், நாற்காலி பக்கத்தில் வைப்பார்கள். ஆறிய பிறகு மேஸ்திரி குடித்துவிடுவார். துரைக்கு இதெல்லாம் தெரிந்தபோது விழுந்து விழுந்து சிரித்தார். அவருக்குத் தெரிந்த தமிழ் இருபது சொல்தான் இருக்கும். அதில் ரொம்பப் பிடித்தது ‘ஆஜர்’. தினம் காலையில் சூளைக் கொட்டகைக்குள் நுழையும்போது நெஞ்சில் கை வைத்து, “நான் ஆஜர்” என்பார். மேஸ்திரி தலையாட்டி எழுதிக்கொள்வார். இரண்டு பேருக்கும் நடுவில் பேச பாஷை கிடையாது. ஆனாலும் நாள் முழுக்கப் பேசிக்கொண்டுதான் இருப்பார்கள்.

நான்கு ஓய்வு இப்படியே போனது. 1969 டிசம்பரோடு துரையின் ஒப்பந்தம் முடிந்தது. இருபதாம் தேதி விமானம். வரி பாக்கி கிடையாது என்று வருமான வரி அலுவலகத்தில் சான்றிதழ் வாங்கினால்தான் வெளிநாட்டுக்காரர் ஊருக்குக் கிளம்ப முடியும். அவர்கள் ஒப்பந்தமும் பாஸ்போர்ட் நகலும்தான் கேட்டிருந்தார்கள். நான் சும்மா இருந்திருக்கலாம். என் கையெழுத்தை அவர்களும் பார்க்கட்டும் என்று இரண்டு வருஷ ரெஜிஸ்டருக்கும் நகல் எடுத்து, நூல் கட்டி, சேர்த்து அனுப்பிவைத்தேன். சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்தான் ஆண்டி என்பார்கள். அந்த ஆண்டி நான்தான்.

ஒரே வாரத்தில் வரி அலுவலகத்திலிருந்து ஓலை வந்தது. ஓய்வு மாதங்களின் சம்பளம் இங்கே வேலை பார்த்து ஈட்டியதல்ல எனச் சொல்லி, நீங்கள் அதற்கு வரி பிடிக்கவில்லை. பாஸ்போர்ட்டைப் பார்த்தால் அந்த நான்கு மாதமும் அவர் ஜெர்மனியில் இருக்கிறார். உங்கள் ரெஜிஸ்டரைப் பார்த்தால் ஒரு நாள் விடாமல் விருத்தாசலத்தில் வேலை பார்த்திருக்கிறார். எது உண்மை? ரெஜிஸ்டர் உண்மையானால் நான்கு மாதச் சம்பளத்துக்கும் வரி கட்டிய பிறகே சான்றிதழ். இதுதான் சாரம்.

மானேஜர் என்னைக் கூப்பிட்டு ஓலையை நீட்டினார். திட்டியிருந்தால் பதிலுக்கு நானும் ஏதாவது பேசியிருப்பேன். அந்த நான்கு மாதச் சம்பளம் அவர் ஊர் வங்கியிலேயே போடப்பட்டது, இங்கே கையில் காசு கிடையாது. அங்கிருந்து பணம் வரவழைக்க ரிசர்வ் வங்கி, அது இது என்று இரண்டு மாதமாவது ஆகும். துரையின் மனைவிக்கோ ஜனவரி முதல் வாரம் தலைப்பிரசவம். கல்யாணமாகி ஒன்பது வருஷம் கழித்து வயிற்றில் தங்கிய பிள்ளை. துரை அதை எங்கள் எல்லாருக்கும் படம் வரைந்து காட்டியிருந்தார். விமானம் தவறினால் பிள்ளை பிறக்கும்போது அப்பன் இங்கே சூளை முன்னால் உட்கார்ந்திருப்பான். அதற்குக் காரணம் என் அழகான கையெழுத்து. அன்றைக்கு மத்தியானம் எனக்குச் சோறு இறங்கவில்லை.

பதில் எழுதினோம். பதில் போதவில்லை போலிருக்கிறது, பதினைந்தாம் தேதி ஓலை அனுப்பிய அதிகாரியே நேரில் வந்துவிட்டார். பெயர் தனக்கோடி. பெற்றவர்கள் என்ன நினைத்து வைத்தார்களோ, ஆள் சரியான இடத்தில் போய்ச் சேர்ந்துவிட்டார். அன்றைக்குப் பார்த்துத் துரை விமான டிக்கெட் விஷயமாக மெட்ராஸ் போயிருந்தார்.

நடந்ததைப் பிறகு எல்லாரும் சொல்லக் கேட்டேன். அதிகாரி நேராகச் சூளைக் கொட்டகைக்குப் போய் எர்வின் இருக்கிறாரா என்று கேட்டிருக்கிறார். தள்ளுவண்டி தள்ளுகிறவன் இருக்காருங்க என்றான். எங்கே என்று கேட்டதற்கு நாற்காலியைக் காட்டினான். நாற்காலியில் துண்டு இருந்தது, பக்கத்தில் டீயிலிருந்து ஆவி பறந்துகொண்டிருந்தது. இப்போதுதான் எழுந்து போயிருப்பார் போல என்று அதிகாரி எதிரே ஒரு பெட்டியைப் போட்டு உட்கார்ந்துவிட்டார். கால் மணி போனது. அரை மணி போனது. இன்னொருவனைக் கேட்டார், அவனும் இருக்காருங்க என்றான். மேஸ்திரியைக் கேட்டார். மேஸ்திரி கைகட்டி, “இருக்காருங்க சார், நீங்க உக்காருங்க” என்றார். ஒரு மணி நேரம் ஆனதும் ஆறிப்போன அந்த டீயை எடுத்து மேஸ்திரி குடித்தார். அதிகாரிக்கு முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடிக்க, என் ஆபீஸுக்கு வந்து நின்றார்.

தொழிற்சாலையே சேர்ந்து தன்னை முட்டாளாக்குகிறதா என்று கேட்டார். எனக்கும் கோபம் வந்துவிட்டது, ஆனால் யார்மேல் என்று தெரியவில்லை. உட்காரச் சொல்லி, தண்ணீர் கொடுத்து, செங்கல் சூளையிலிருந்து தொடங்கி விரிந்த குமிழ்வரை ஒன்று விடாமல் சொன்னேன். நான் சிவப்பு மையைச் சுரண்டிய பக்கத்தையும் எடுத்துக் காட்டினேன். அவர் அந்தச் சுரண்டலை விரலால் தடவிப் பார்த்தார். பிறகு ஜன்னல் வழியாகச் சூளைப் பக்கம் பார்த்தார். ஒரு மணி நேரம் வெறும் நாற்காலி முன்னால் உட்கார்ந்திருந்த மனிதருக்கு இதற்குமேல் சாட்சி வேண்டுமா?

“நான் நம்புறம்மா. என் நம்பிக்கைய ஃபைல்ல வைக்க முடியாது. சிட்டை எழுதினவரு, அந்த மாசங்கள்ல அவரு இங்க இல்லைன்னு சொல்லி, என் முன்னால கையெழுத்துப் போடணும்” என்றார்.

பூனைக்கு யார் மணி கட்டுவது? நானே போனேன். மேஸ்திரியைக் கொட்டகைக்கு வெளியே அழைத்து விஷயத்தைச் சொன்னேன். தலையைக் குனிந்துகொண்டார். தொரைக்காக உயிரை வேண்டுமானாலும் கொடுப்பேன், அந்தச் சொல்லை மட்டும் கேட்காதீங்க என்றார். தொரை மூட்டிய நெருப்பு, அவர் இருக்கும்போதே அதற்கு ஒன்று ஆகிவிட்டால் என்ன முகத்தோடு அவரை வழியனுப்புவது என்றார். கெஞ்சினேன். அசையவில்லை. ஒன்றரை வருஷம் அடக்கிவைத்திருந்ததெல்லாம் அப்போதுதான் வெளியே வந்தது.

“மேஸ்திரியாரே, ஏப்ரல் மாசம் முழுக்கத் தொரை இங்க ஆஜர்னு எழுதியிருக்கீங்க. அங்க அவரு சம்சாரம் முழுகாம இருக்குது. ஏப்ரல்லேருந்து ஒம்பது மாசம் எண்ணிப் பாருங்க. உங்க சிட்டையப் படிக்கிறவன் அந்தம்மாவப் பத்தி என்னா நெனப்பான்?”

மேஸ்திரி விரல் விட்டு எண்ணினார். மே, ஜூன் என்று வாய்க்குள் முணுமுணுத்துக்கொண்டு போனவர், டிசம்பர் தாண்டி ஜனவரிக்கு வந்ததும் அப்படியே நின்றுவிட்டார். முகம் வெளிறிப் போனது. துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். அந்தப் பெண்ணை அவர் பார்த்ததுகூடக் கிடையாது. துரை சட்டைப் பையில் வைத்திருந்த படத்தில்தான் பார்த்திருக்கிறார்.

“மகாலட்சுமி மாதிரி இருக்குமேம்மா அது” என்றார். துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு, “சொல்றேன். ஆனா நெருப்பு பார்க்காத எடத்துக்குக் கூட்டிட்டுப் போங்க” என்றார்.

நெருப்பு பார்க்காத இடம் என்றால் புகைபோக்கி தெரியாத இடம். இதை நான் போய் ஒரு வருமான வரி அதிகாரியிடம் எப்படிச் சொல்வது? சொன்னேன். அவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், ஃபைலைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு எழுந்துவிட்டார்.

தொழிற்சாலை ஜீப்பில் கிளம்பினோம். மாயவன் ஓட்டினான். அதிகாரி முன்னால், நானும் மேஸ்திரியும் பின்னால். சேத்தியாத்தோப்பு ரோட்டில் இரண்டு மைல் போய் நிறுத்தச் சொல்லித் திரும்பிப் பார்த்தோம். புகைபோக்கி நெட்டுக்குத்தலாக நின்றது. எங்கள் பக்கம் பூமி தட்டு மாதிரி சமமாக இருக்கும், எதையும் ஒளிக்க முடியாது. இன்னும் ஒரு மைல் போனோம். தெரிந்தது. ஒரு புளியமரம் மறைத்த இடத்தில், இங்கே போதுமே என்று அதிகாரி கேட்டார். மரம் காற்றில் ஆடினால் சந்தில் தெரியும் என்று மேஸ்திரி ஒப்புக்கொள்ளவில்லை. அதிகாரி பல்லைக் கடித்தது எனக்குப் பின்னாலிருந்தே தெரிந்தது.

நான்காவது மைலில் ஒரு வேடிக்கை நடந்தது. மேஸ்திரிக்குக் கண் கொஞ்சம் மங்கல். அவர் “சரிங்க, இங்கயே நிறுத்துங்க” என்றார். மாயவனும் நிறுத்தினான். அதிகாரி தலையை வெளியே நீட்டிக் கண்ணுக்குமேல் கை வைத்துப் பார்த்துவிட்டு, இன்னும் நுனி தெரிகிறது, ஓட்டப்பா என்றார். எனக்குச் சிரிப்பை அடக்க முந்தானையை வாயில் திணித்துக்கொள்ள வேண்டியிருந்தது.

கடைசியில் ரோட்டை விட்டு இறங்கி ஒரு முந்திரித் தோப்புக்குள் போய் நின்றோம். அதன் நடுவில் பழைய மண் வெட்டிய பள்ளம் ஒன்று இருந்தது. மேஸ்திரி பள்ளத்தில் இறங்கி நாலு திசையும் பார்த்தார். மேலே துண்டு வானம் மட்டும்தான். அதிகாரியும் செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு இறங்கினார். ஃபைலை முழங்கால்மேல் வைத்துப் பேனாவைத் திறந்தார்.

மேஸ்திரி கைகூப்பிக்கொண்டு சொன்னார்.

“போன வருஷம் ஜூன் மாசம் தொரை இங்க இல்லீங்க. நவம்பர் மாசம் இல்லீங்க. இந்த வருஷம் ஏப்ரல் மாசம் இல்லீங்க. அவரு ஊட்டுலதான் இருந்தாரு, அவரு சம்சாரத்தோட இருந்தாரு. செப்டம்பர் மாசமும் இல்லீங்க.”

அதிகாரி எழுதி முடித்து நிமிர்ந்தார். அவ்வளவுதான், கையெழுத்துப் போடலாம். மேஸ்திரி நிறுத்தவில்லை.

“வர்ற மாசத்துலேருந்தும் இல்லீங்க. அதுக்கப்புறமும் இல்லீங்க.”

சொல்லிவிட்டு அந்த மனிதர் முகத்தை மூடிக்கொண்டு அழுதார். சொல்லாமல் இருந்தவரை அது அவருக்கும் தெரியாமல்தான் இருந்திருக்கிறது. கோபக்காரி என்று பெயர் எடுத்தவள், மாயவன் எதிரே அழக் கூடாது என்று முந்திரி இலைகளை எண்ணிக்கொண்டு நின்றேன். அதிகாரி அவசரப்படுத்தவில்லை. பேனாவை மூடி வைத்துவிட்டுக் காத்திருந்தார். பிறகு மேஸ்திரி கண்ணைத் துடைத்துக்கொண்டு, ஒவ்வோர் எழுத்தாகப் ‘பழமலை’ என்று கையெழுத்துப் போட்டார்.

திரும்பும்போது புகைபோக்கியின் நுனி தெரிந்ததும் நாங்கள் எல்லாரும் பேச்சை நிறுத்திவிட்டோம். கேட்டில் காவல்காரர், துரையைப் பார்க்க யாரோ வந்திருக்கிறார்கள், என்ன சொல்லட்டும் என்று எட்டிக் கேட்டார். நானோ மேஸ்திரியோ வாயைத் திறப்பதற்கு முன்னால் அதிகாரி, “இருக்காருன்னு சொல்லுப்பா” என்றார்.

பதினெட்டாம் தேதி சான்றிதழ் வந்தது. ரெஜிஸ்டரை இனிமேல் ஒழுங்காக வைக்கும்படி அதோடு ஒரு எச்சரிக்கையும் வந்தது. அது எனக்கு வேண்டியதுதான். துரை கிளம்பும் அன்று சூளைக்கு முன்னால் நின்று எல்லாரிடமும் கை குலுக்கினார். மேஸ்திரியின் கையை மட்டும் விடவே மனமில்லாமல் பிடித்துக்கொண்டிருந்தார். அன்றைக்கு வெந்து வெளியே வந்த சரக்கில் ஒரு குமிழ்கூட விரியவில்லை. மேஸ்திரி ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்துவிட்டுத்தான் வீட்டுக்குப் போனார்.

ஜனவரி எட்டாம் தேதி, போகிக்கு இன்னும் சில நாள் இருக்கும்போது, தந்தி வந்தது. விலாசத்தில் மானேஜர் பெயர் கிடையாது. சூளைப் பிரிவு, மணிமுத்தா பீங்கான் தொழிற்சாலை, விருத்தாசலம் என்று இருந்தது. நான் அதை எடுத்துக்கொண்டு கொட்டகைக்கு ஓடினேன். நாற்காலி இன்னும் அங்கேதான் கிடந்தது, டீ வந்து ஆவி பறந்துகொண்டிருந்தது. எல்லாரும் வண்டிகளை நிறுத்திவிட்டு வந்து சூழ்ந்துகொண்டார்கள். இங்கிலீஷில் இருந்ததைத் தமிழில் படித்தேன்.

“பெண் பிறந்திருக்கிறது. தாயும் குழந்தையும் நலம். நான் ஆஜர்.”

கடைசிச் சொல் மட்டும் தமிழ்ச் சொல்லாகவே, இங்கிலீஷ் எழுத்தில் அடித்திருந்தது.

மேஸ்திரி தந்தியை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அந்தக் கடைசிச் சொல் எது என்று கேட்டார், விரல் வைத்துக் காட்டினேன். அந்த இடத்தை நகத்தால் லேசாகத் தொட்டார். பிறகு நாற்காலி பக்கத்திலிருந்த டீயை, ஆறுவதற்கு முன்பே, முதல் தடவையாகச் சூடாக எடுத்துக் குடித்தார்.

“எழுதிக்குங்கம்மா” என்றார்.

துரையின் பெயரை மானேஜர் ரெஜிஸ்டரிலிருந்து அடித்து எட்டு நாள் ஆகியிருந்தது. நான் ஆபீஸுக்குப் போய், கடைசி வரிக்குக் கீழே எர்வின் என்று எழுதி, அன்றைய தேதிக்கு நேரே ‘ஆஜர்’ என்று போட்டேன். என் கையெழுத்திலேயே அழகான கையெழுத்து அதுதான். வரி அலுவலகத்திலிருந்து யார் வந்து கேட்டாலும் கேட்கட்டும்.